பொறியை வெல்ல வழி உண்டா?



போக்கிமான் என்னும் வீடியோ விளையாட்டை உங்களில் பலர் அறிந்திருப்பீர்கள். காட்டிலும் மேட்டிலும் திரியும் விந்தை உயிர்களைப் பிடித்துப் பழக்கி, ஒன்றோடொன்று மோதவிட்டு, பட்டியலை நிறைவு செய்வதே அந்த ஆட்டம். 1996 பிப்ரவரியில் 'சிவப்பு', 'பச்சை' என்ற இரு பதிப்புகளாக அது ஜப்பானில் முதன்முதலாக வெளிவந்தது. அந்த விளையாட்டுக்குள் ஒரு நகரம் உண்டு. நகரத்துக்குள் ஒரு சூதாட்ட அரங்கு உண்டு. 'கேம் கார்னர்' என்பது அதன் பெயர். அங்கே காசுகளை வென்று சேர்த்தால், எளிதில் கிடைக்காத சில உயிர்களைப் பரிசாகப் பெறலாம்.

"அங்கே ஜெயிக்க ஏதாவது டிரிக் இருக்கிறதா, சார்?" என்று மாணவர்கள் என்னைக் கேட்பதுண்டு. இக்கேள்வியைச் சிறுபிள்ளைத்தனம் என்று நான் ஒதுக்குவதில்லை. நிகழ்தகவு என்னும் கணிதப் பிரிவே சூதாட்டக் கேள்விகளிலிருந்து பிறந்ததுதான். 1654-ஆம் ஆண்டில் பிரான்சு நாட்டு அறிஞர்களான பாஸ்கலும் ஃபெர்மாவும், பாதியில் நின்றுபோன ஓர் ஆட்டத்தின் பந்தயப் பணத்தை எப்படிப் பங்கிடுவது என்று கடிதம் எழுதிக்கொண்டார்கள். அக்கடிதங்களே இத்துறைக்கு அடித்தளமாயின. ஆகவே உங்கள் கேள்வி நல்ல பரம்பரையில் வந்த கேள்வி.

என் கருத்தை முதலிலேயே கூறிவிடுகிறேன். உத்தி என்பது தகவலிலிருந்து பிறக்கிறது. நீங்கள் முடிவெடுக்கும் முன்பே பயனுள்ள தகவல் ஏதேனும் உங்கள் கைக்கு வருமானால், அந்த ஆட்டத்தில் உத்திக்கு இடமுண்டு. வராவிட்டால் இடமில்லை, எவர் என்ன சொன்னாலும் இல்லை. போக்கிமான் தொடரில் வந்த மூன்று சிறு ஆட்டங்களை ஒப்பிட்டால் இது நன்கு விளங்கும்.

சுழலும் சக்கரங்கள்

முதலாவது, ஸ்லாட் மெஷின் எனப்படும் சூதாட்ட எந்திரம். அதில் மூன்று சக்கரங்கள் சுழலும். ஒரு காசு போட்டால் நடுவரிசை மட்டுமே கணக்கில் வரும். இரண்டு போட்டால் மூன்று கிடைவரிசைகளும், மூன்று போட்டால் இரு குறுக்குக் கோடுகளும் சேர்ந்துகொள்ளும். ஒரே உருவம் ஒரு கோட்டில் மூன்று நின்றால் பரிசு. மூன்று ஏழுகளுக்கு 300 காசு. 'பார்' என்று பொறித்த பட்டைகளுக்கு 100. செர்ரிப் பழங்களுக்கு 8. மற்ற உருவங்களுக்கு 15.

சக்கரங்கள் தாமாக நிற்பதில்லை. ஒவ்வொன்றையும் நீங்களே பொத்தானை அழுத்தி நிறுத்த வேண்டும். 'கண்ணும் கையும் வேகமாக இருந்தால் வென்றுவிடலாம்' என்ற எண்ணம் இங்கேதான் முளைக்கிறது. உள்ளே நடப்பது என்ன? சக்கரங்கள் சுழலத் தொடங்கும் முன்பே, விளையாட்டின் நிரல் குருட்டாம்போக்கில் ஓர் எண்ணை எடுத்து, இம்முறை வெற்றிக்கு இடம் தரலாமா வேண்டாமா என்று முடிவு செய்துவிடுகிறது. வேண்டாம் என்று முடிவாகியிருந்தால், நீங்கள் எவ்வளவு கச்சிதமாக அழுத்தினாலும் மூன்றாவது சக்கரம் மேலும் சற்று வழுக்கிச் சென்றே நிற்கும். ஜப்பானின் பச்சிஸ்லாட் நிலையங்களில் உள்ள உண்மையான எந்திரங்களும் இவ்வாறே குலுக்கலை முதலில் நடத்திவிட்டுப் பிறகுதான் சக்கரங்களை நிறுத்த விடுகின்றன. பொத்தான் உங்கள் விரலடியில் இருக்கிறது. முடிவு உங்கள் கையில் இல்லை. தற்செயலாக நடப்பதைத் தம் திறமையால் நடப்பதாக மனிதர் நம்பும் இந்த மயக்கத்தை, அமெரிக்க உளவியலாளர் எல்லன் லாங்கர் 1975-இல் தம் சோதனைகள் மூலம் விளக்கிக் காட்டினார்.

'பத்து முறை தோற்றுவிட்டேன். அடுத்த முறை வந்தே தீரும்' என்பது இன்னொரு மயக்கம். எந்திரம் உங்கள் தோல்விகளை எண்ணி இரக்கப்படுவதில்லை. முதல் பதிப்புகளில், நீங்கள் அரங்கினுள் நுழையும்போது ஏதோ ஓர் எந்திரத்துக்கு மட்டும் வாய்ப்புச் சற்றுக் கூடுதலாக அமைக்கப்படுவது உண்மைதான். ஆனால் எந்த எந்திரம் என்பதற்கு வெளியில் அடையாளம் எதுவும் இல்லை. ஒவ்வொன்றிலும் பல நூறு முறை ஆடிக் கணக்கெடுத்தாலன்றி அதைக் கண்டுகொள்ள முடியாது; வெளியே போய் மீண்டும் நுழைந்தால் கணக்கை மறுபடியும் முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

ஆகவே இந்த எந்திரத்துக்கு உத்தி கிடையாது. நிச்சயமான வருமானம் வேண்டுமானால், அரங்கின் தரையில் ஆங்காங்கே மறைந்து கிடக்கும் காசுகளைத் தேடிப் பொறுக்கலாம்! அல்லது காசுகளை விலைக்கு வாங்கலாம். விளையாட்டுப் பணம் 1000 கொடுத்தால் 50 காசு கிடைக்கும். ஆங்கிலத்தில் வந்த சிவப்புப் பதிப்பில் போரிகான் என்னும் உயிரின் விலை 9999 காசு. கணக்கிட்டுப் பாருங்கள், ஏறத்தாழ 2 லட்சம் ஆகிறது. அந்த அரங்கை நடத்துவது யார் தெரியுமா? கதைப்படி, 'டீம் ராக்கெட்' என்னும் கொள்ளைக் கூட்டம். சுவரில் ஒட்டிய விளம்பரத் தாளுக்குப் பின்னால் அவர்களுடைய பாதாள அறைக்குச் செல்லும் விசை மறைந்திருக்கிறது. கதை எழுதியவர்களே உண்மையைச் சொல்லிவிட்டார்கள்.

இருபத்து நான்கு சீட்டுகள்

1999-இல் ஜப்பானில் வெளிவந்த 'தங்கம்', 'வெள்ளி' பதிப்புகளில் இரண்டாவது ஆட்டம் வந்தது. 'கார்டு ஃபிளிப்', அதாவது சீட்டுப் புரட்டல். பிக்காச்சு முதலிய நான்கு உயிர்கள். ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 6 வரை எண்கள். ஆக 24 சீட்டுகள். ஒவ்வோர் ஆட்டத்துக்கும் பந்தயம் 3 காசு. கவிழ்த்து வைத்த இரு சீட்டுகளில் ஒன்றை நீங்கள் தேர்ந்து, அது எதுவாக இருக்கும் என்று கட்ட வேண்டும். குறிப்பிட்ட ஒரு சீட்டின் மீது கட்டி வென்றால் 72 காசு. ஓர் எண்ணின் மீது கட்டினால் 18. ஓர் உயிரின் மீது கட்டினால் 12. இரண்டு எண்களின் மீது 9. இரண்டு உயிர்களின் மீது 6.

இது நேர்மையான ஆட்டமா? ஒரு குறிப்பிட்ட சீட்டு வரும் நிகழ்தகவு 1/24. 72-ஐ 24-ஆல் வகுத்தால் 3. ஓர் எண் வரும் நிகழ்தகவு 1/6. 18-ஐ 6-ஆல் வகுத்தாலும் 3. மற்றவற்றையும் போட்டுப் பாருங்கள். எல்லாமே 3 தான். கட்டிய காசும் சராசரியாகத் திரும்பி வரும் காசும் சமம். புதுக்கட்டில் ஆடும்போது அரங்குக்கும் லாபமில்லை, உங்களுக்கும் லாபமில்லை.

ஆனால் கட்டு புதிதாகவே இருப்பதில்லை. புரட்டிய சீட்டு மீண்டும் வராது. எது வந்தது என்று பலகையிலேயே குறியிட்டுக் காட்டப்படும். 12 ஆட்டங்கள் முடிந்த பிறகே சீட்டுகள் மறுபடி கலைக்கப்படும். இங்கே தகவல் வந்துவிட்டது! ஆறு சீட்டுகள் வெளிப்பட்ட பின், நீங்கள் காணாதவை 18. இப்போது காணாத ஒரு சீட்டின் மீது கட்டினால் சராசரி வரவு 72/18, அதாவது 4 காசு. கட்டுவதோ 3. பன்னிரண்டாவது ஆட்டத்தில் காணாதவை 13. சராசரி வரவு 5.5 காசுக்கு மேல். தேர்ந்தெடுக்காத இன்னொரு சீட்டு எது என்று காட்டப்படுவதில்லை. ஆகவே அதைப் பற்றிக் கவலை வேண்டாம். நமக்கு அதுவும் 'காணாத சீட்டு'தான்.

வேறோர் அழகும் உண்டு. ஆறு ஆட்டங்கள் ஆகியும் பிக்காச்சு ஒன்றுகூட வரவில்லை என்று கொள்வோம். 18-இல் 6 பிக்காச்சு. வரவு 12-இல் மூன்றில் ஒரு பங்கு. அதுவும் 4 தான். முழுதும் வெளிப்படாமல் இருக்கும் எந்தக் குழுவின் மீது கட்டினாலும், தனிச் சீட்டின் மீது கட்டினாலும், சராசரி ஒன்றே. ஒன்றேனும் வெளிப்பட்டுவிட்ட குழுவின் மீது கட்டினால் சராசரி அதைவிடக் குறையும். ஆகவே உத்தி இதுதான்: குறையாத குழு இருந்தால் அதன் மீது கட்டுங்கள்; இல்லாவிட்டால் காணாத தனிச் சீட்டின் மீது கட்டுங்கள். சராசரி ஒன்றாக இருக்கையில் குழுவை ஏன் விரும்ப வேண்டும்? அங்கே வெற்றி சிறிது, ஆனால் அடிக்கடி வரும். ஏற்ற இறக்கம் குறைவு.

அந்த ஏற்ற இறக்கத்தை இலேசாக எண்ணிவிடாதீர்கள். 12 ஆட்டங்களிலும் காணாத தனிச் சீட்டின் மீதே கட்டினால், போடுவது 36 காசு. சராசரியாக வருவது சுமார் 48.4 காசு. நல்ல லாபம்தான். ஆனால் பன்னிரண்டிலும் ஒன்றுகூட வெல்லாமல் போகும் நிகழ்தகவு என்ன? 23/24, 22/23, 21/22 என்று 12/13 வரை பெருக்குங்கள். மேலும் கீழும் அடிபட்டுப்போய் எஞ்சுவது 12/24. பாதிக்குப் பாதி! மிகச் சரியான உத்தியைக் கையாண்டும், இரண்டு கட்டுக்கு ஒரு கட்டில் 36 காசும் போய்விடும். 'சராசரியில் லாபம்' என்பதும் 'இன்று எனக்கு லாபம்' என்பதும் வேறு வேறு. உத்தி கற்றவர்களும் வழுக்கி விழும் இடம் இதுவே.

வெடிக்கும் பந்துகள்

2010-இல் ஜப்பானுக்கு வெளியே வந்த 'ஹார்ட்கோல்டு', 'சோல்சில்வர்' பதிப்புகளில், ஸ்லாட் எந்திரத்தை எடுத்துவிட்டு 'வோல்டார்ப் ஃபிளிப்' என்ற மூன்றாவது ஆட்டத்தை வைத்தார்கள். வோல்டார்ப் என்பது பந்து வடிவில் இருக்கும், தொட்டால் வெடிக்கும் மின்னுயிர்.

ஐந்துக்கு ஐந்து என 25 கட்டங்கள். ஒவ்வொன்றுக்கும் அடியில் 1, 2, 3 ஆகிய எண்களில் ஒன்றோ, ஒரு வோல்டார்ப்போ இருக்கும். திறக்கும் எண்களை ஒன்றோடொன்று பெருக்கிக்கொண்டே போகலாம். வோல்டார்ப்பைத் திறந்தால் அந்தச் சுற்றில் சேர்த்தது அத்தனையும் போகும். ஒவ்வொரு வரிசைக்கும் நிரலுக்கும் பக்கத்தில் எண்களின் கூட்டுத்தொகையும் வோல்டார்ப்புகளின் எண்ணிக்கையும் எழுதப்பட்டிருக்கும். வேண்டும்போது நிறுத்திச் சேர்த்ததை எடுத்துக்கொள்ளலாம். இதற்குக் காசு கட்ட வேண்டியதே இல்லை.

இங்கே தகவல் கண்முன் விரிந்து கிடக்கிறது. வோல்டார்ப் இல்லாத வரிசையை அச்சமின்றித் திறக்கலாம். கூட்டுத்தொகையும் வோல்டார்ப் எண்ணிக்கையும் சேர்ந்து 5 ஆனால், அந்த வரிசையில் 1-ம் வோல்டார்ப்பும் தவிர வேறில்லை. அதைத் தொடுவதால் பயனில்லை. ஒரு வரிசையில் கூட்டுத்தொகை 3, வோல்டார்ப் 4 என்று வைத்துக்கொள்வோம். பார்த்தால் அச்சமூட்டும் வரிசை! ஆனால் அதைக் குறுக்கே வெட்டும் ஒரு நிரலில் வோல்டார்ப்பே இல்லையென்றால், வெட்டும் கட்டத்தில் இருப்பது 3 என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம். இது அதிர்ஷ்டம் அன்று, தருக்கம்.

தருக்கம் தீர்ந்துபோகும் கட்டமும் வரும். கையில் 12 காசு. எஞ்சிய இரு கட்டங்களில் ஒன்று 3, மற்றது வோல்டார்ப். திறந்தால் பாதி வாய்ப்பில் 36, பாதி வாய்ப்பில் சுழியம், சராசரி 18. திறப்பதில் பொருளுண்டு. 3-க்குப் பதில் 2 இருந்தால் சராசரி 12. நிறுத்துவதும் தொடர்வதும் சமம். எப்போது நிறுத்த வேண்டும் என்பதைக் கணக்குப் போட்டு முடிவு செய்யக் கற்றுத்தரும் ஆட்டம் இது.

காலத்தைத் திருப்பும் பொத்தான்

இம்மூன்று ஆட்டங்களையும் விட வலிமையான ஓர் உத்தியைப் பிள்ளைகள் தாமாகவே கண்டுபிடித்திருக்கிறார்கள். எந்திரத்தின் முன் நின்று ஆட்டத்தைச் சேமித்துவிடுவது. வென்றால் மீண்டும் சேமிப்பது. தோற்றால் கருவியை அணைத்துப் பழைய இடத்திலிருந்து தொடங்குவது. பொறுமை இருந்தால் இதில் தோல்வியே கிடையாது. வெற்றிகள் மட்டும் ஏட்டில் ஏறும். தோல்விகள் நடந்ததற்குச் சுவடே இராது.

எனக்கு ஸ்லாட் எந்திரத்தைவிட இதுவே அதிகக் கவலை தருகிறது. நீரில் கலந்த மை தானாகப் பிரிந்து வருவதில்லை. இத்தகைய மீளா நிகழ்வுகளே இயற்கையின் வழி என்று இயற்பியலில் படிக்கிறோம். பணமும் அப்படித்தான். 'விட்டதைப் பிடிக்கிறேன்' என்று கிளம்புபவர், தமக்கு எங்கோ ஒரு சேமித்த இடம் காத்திருப்பதாக எண்ணிக்கொள்கிறார். அப்படி ஓர் இடம் விளையாட்டுப் பெட்டிக்கு வெளியே கிடையாது.

இன்று கைப்பேசியில் வரும் பல ஆட்டங்களில், பெட்டிக்கு உள்ளேயும் அது கிடையாது. கணக்கேடு உங்கள் கையில் இல்லை. நிறுவனத்தின் கணிப்பொறியில் இருக்கிறது. உண்மைப் பணம் கட்டினால் குலுக்கலில் ஓர் உயிரோ வீரனோ கிடைப்பதை ஜப்பானில் 'கச்சா' என்பர். ஒரு தொகுதி முழுவதையும் சேர்த்தால் அரிய பரிசு என்ற வகையும் இருந்தது. 2012 மே மாதத்தில் ஜப்பானின் நுகர்வோர் விவகார முகமை அவ்வகையைச் சட்டத்துக்கு மாறானது என்று அறிவித்தது. காரணம் கணக்கில் இருக்கிறது. சமவாய்ப்புள்ள 6 பொருள்களையும் சேர்க்கச் சராசரியாக 14.7 குலுக்கல்கள் தேவை. அவற்றுள் கடைசி ஒன்றுக்கு மட்டும் 6 குலுக்கல்கள். 'இன்னும் ஒன்றுதானே' என்று மனம் சொல்லும் அந்த நேரத்தில்தான் செலவு மிகுதி.

நீக்கினால் போதுமா?

சிறுவர் விளையாட்டில் சூதாட்டம் கூடாது என்ற குரல் பல நாடுகளில் எழுந்தது. 2008-இல் வந்த கொரியப் பதிப்பிலும் 2009-இல் வந்த ஐரோப்பியப் பதிப்பிலும் ஸ்லாட் எந்திரங்கள் ஆட இயலாதவையாக்கப்பட்டன. சூதாட்ட அரங்கின் ஆட்டங்களைக் கற்றுத்தரும் புதிய விளையாட்டுகளுக்கு 18 வயது வரம்பு என்று ஐரோப்பாவின் 'பெகி' அமைப்பு 2020-இல் விதித்தது. 2021-இல் வந்த மறுபதிப்பில் பழைய அரங்கு ஓர் ஆடைக் கடையாகவே மாறிவிட்டது.

ஸ்லாட் எந்திரத்தை நீக்கியது சரி என்பதே என் எண்ணம். உத்திக்கு இடமில்லாத ஒன்றைத் திறமை போலக் காட்டி இளம் மனத்தைப் பழக்குவது நல்லதன்று. ஆனால் சீட்டுப் புரட்டலும் அதனுடன் போய்விட்டதில் எனக்கு வருத்தமே. அது நேர்மையான விலையில் நிகழ்தகவைக் கற்றுத்தந்த பலகை. நீக்குவதனால் மட்டும் பிள்ளைகள் காப்பாற்றப்பட்டுவிட மாட்டார்கள். கைப்பேசியில் நாளை வேறு பெயரில் அதே சக்கரம் சுழலும். அதை அடையாளம் காணும் அறிவே காப்பு. 'பொறி' என்ற நம் சொல்லுக்கு எந்திரம் என்றும் பொருள், எலியைப் பிடிக்கும் பொறி என்றும் பொருள். எது எது என்று பிரித்தறிய மூன்று கேள்விகள் போதும். நான் முடிவெடுக்கும் முன் எனக்கு என்ன தகவல் கிடைக்கிறது? பரிசும் நிகழ்தகவும் வெளிப்படையாகத் தெரிகின்றனவா? தோற்றால் போவது திரும்பி வருமா? இவற்றுக்கு நல்ல விடை கிடைக்காத ஆட்டத்தில் வெல்லும் வழி ஒன்றே ஒன்றுதான்: ஆடாமல் இருப்பது.

நீங்களே செய்து பாருங்கள்

நான் சொல்வதை நம்பிவிட வேண்டாம். 24 காகிதத் துண்டுகளில் நான்கு பெயர்களையும் ஆறு எண்களையும் எழுதிக்கொள்ளுங்கள். நன்றாகக் கலைத்து ஒவ்வொன்றாக 12 துண்டுகள் எடுங்கள். எடுக்கும் முன் ஒவ்வொரு முறையும், இதுவரை வராத ஒரு துண்டின் பெயரைச் சொல்லுங்கள். சரியாக இருந்தால் 72, இல்லையேல் 0. நாற்பது மாணவர்கள் ஆளுக்கு 5 கட்டு ஆடினால் 200 கட்டு. கட்டிய காசு 7200. வரவு 9700-ஐ ஒட்டி, சில நூறு கூடியோ குறைந்தோ இருக்க வேண்டும். ஏறத்தாழ 100 கட்டுகளில் ஒரு வெற்றிகூட இராது. ஐந்து கட்டிலும் வெறுங்கையோடு நிற்கும் மாணவர் ஒருவரேனும் வகுப்பில் இருக்கலாம். அவருடைய உத்தியில் பிழையில்லை என்பதை அவருக்குக் கரும்பலகையில் கணக்குப் போட்டு விளக்குங்கள். உண்மைக் காசாக இருந்திருந்தால் அவர் நிலை என்ன என்பதையும் சேர்த்துச் சிந்தியுங்கள்.